மாமாவின் கரை வேட்டி

அடுத்த வாரம் என் மகளுக்குக் காதுகுத்து. அவளைத் தாய்மாமன் மடியில் உட்காரவைத்துத்தான் குத்த வேண்டும். அந்தத் தாய்மாமனான என் அண்ணனும் என் கணவரும் ஆளுக்கொரு தலைவருக்காகக் குடும்ப வாட்ஸ்அப் குழுவில் சண்டை போட்டு, இருவருமே வெளியேறிவிட்டார்கள். குழுவில் மிச்சம் நானும் அம்மாவும்தான். தினமும் காலை வணக்கம் அனுப்பிக்கொள்கிறோம்.

என் காதுகுத்தும் இப்படித்தான் நடந்தது. எனக்கு ஆறு வயது. ஸ்ரீரங்கத்தில் ஒரு சின்ன மண்டபம். அப்பா ஒரு கட்சி, மாமா எதிர்க்கட்சி. தேர்தல் முடிந்து ஓராண்டாகியும் பேச்சுவார்த்தை இல்லை. வாசலில் ஆளுக்கொரு ஃபிளெக்ஸ் வைத்திருந்தார்கள். இரண்டிலும் தலைவர்கள் பெரிதாகக் கும்பிட்டார்கள். நான் மூலையில் தபால்தலை அளவில் இருந்தேன். அது எனக்குப் பெரிதாகப் படவில்லை. வகுப்பில் ஜிமிக்கி போடாத ஒரே பெண் நான். என் கவலை அது.

மாமா மனையில் உட்கார்ந்ததும் அப்பா என் கையைப் பிடித்து நிறுத்தினார்.

"அந்தக் கரை வேட்டி மடியில எம்பொண்ணு உக்கார மாட்டா. வேற வேட்டி கட்டிட்டு வரச் சொல்லுங்க ஆசாரி."

"எங்கிட்ட இருக்கறது எல்லாமே கரை வேட்டிதான்னு சொல்லுங்க ஆசாரி. அவர் இடுப்புல மட்டும் என்ன கட்டியிருக்காராம்?"

ஆசாரி கடிகாரத்தைப் பார்த்தார். "நல்ல நேரம் முடிய இன்னும் பத்து நிமிஷந்தாங்க இருக்கு. தில்லை நகர்ல வேற ரெண்டு காது காத்துக்கிட்டிருக்கு." ஊசியைப் பெட்டியிலிருந்து அவர் எடுக்கவே இல்லை.

அம்மா என் அருகில் குந்தி, பாவாடையைச் சரிசெய்தாள். மறுநொடி தொடையில் சுரீரென்றது. மண்டபம் அதிர அலறினேன்.

மாமா பாய்ந்து என்னை அள்ளி மடியில் போட்டுக்கொண்டார். அப்பா என் தலையைப் பிடித்தார்.

"ஆடாம பிடிங்க மாப்ள!"

"நீங்க கையைப் பிடிங்க மச்சான்!"

ஓராண்டில் அவர்கள் நேருக்கு நேர் பேசிய முதல் வார்த்தைகள். ஆசாரி வேலையை முடித்துவிட்டார். பந்தியில் இருவரும் மறுபடி எதிரெதிர் வரிசையில் உட்கார்ந்து ஒரே சாம்பாரைச் சாப்பிட்டார்கள்.

காது குத்தினால் முதலில் தொடைதான் வலிக்கும் என்று வகுப்பில் எல்லோரிடமும் சொன்னேன். நானும் வெகுகாலம் நம்பினேன்.

நேற்று போனில் அம்மாவிடம் என் வீட்டுச் சண்டையைச் சொல்லிப் புலம்பினேன். எல்லாவற்றையும் பொறுமையாகக் கேட்டுவிட்டு அம்மா ஒன்றே ஒன்று கேட்டாள்:

"நகம் வெச்சிருக்கியாடி?"

குழந்தைக்குக் கீறிவிடக் கூடாதென்று ஞாயிற்றுக்கிழமைதான் பத்து விரலிலும் ஒட்ட வெட்டியிருந்தேன். ஒரு வாரத்தில் வளருமா?