எங்கள் அலுவலகத்தை ஜப்தி செய்தவர்

காலையில் செய்தித்தாளை விரித்தபோது மேஸ்திரி மாரப்பனின் போன் வந்தது. "சார், நம்ம ஆரோக்கியசாமி அண்ணன் தவறிட்டாருங்க." தொண்ணூறுகளில் கோவையைச் சுற்றிச் சாக்கடையும் சிறுபாலமும் கட்டிய காண்ட்ராக்டர் ஆரோக்கியசாமியை உங்களில் பலருக்குத் தெரியும். எனக்குத் தெரிந்த விதம் வேறு. அவர் வழக்குப் போட்ட பேரூராட்சியில் நான் தலைமை எழுத்தர்.

சித்தாள் வேலையில் தொடங்கிக் காண்ட்ராக்டர் ஆனவர் அவர். எங்களுக்குச் சாக்கடை கட்டிக் கொடுத்தார், பில் பாஸாகவில்லை. திங்கள்கிழமை தவறாமல் வருவார். "ஏனுங்க சார், நம்ம பில்லு எந்திருச்சுதுங்களா, இன்னும் தூங்குதுங்களா?" என்று சிரித்துக்கொண்டே கேட்பார். நானும் சிரித்தே அனுப்பிவிடுவேன். வட்டிக்காரர் அவருடைய கான்கிரீட் மிக்சர் மெஷினை இழுத்துப் போன பிறகுதான் கோர்ட்டுக்குப் போனார். அந்த மெஷினை நம்பிப் பன்னிரண்டு குடும்பங்கள் இருந்தன.

வேலையை அளந்து எழுதிய அளவுப் புத்தகம் காணவில்லை என்று எங்கள் தரப்பில் சொன்னோம். பொய்யில்லை, தேடினோம், கிடைக்கவில்லை. சாட்சிகளை வைத்தே அவர் ஜெயித்தார். தீர்ப்புக்குப் பிறகும் நாங்கள் அசையவில்லை.

ஒருநாள் கோர்ட் அமீனாவோடும் தன் ஆட்களோடும் வந்து இறங்கினார். ஜீப்பை ஜப்தி செய்யலாமென்றால் அது சக்கரமில்லாமல் கல்மேல் நின்றது. எனவே மேசை நாற்காலிகளைப் பட்டியலில் எழுதத் தொடங்கினார்கள். நான் டீயும் கையுமாக இருந்தேன். "அவசரமில்லீங்க சார், குடிச்சுப்போட்டு எந்திரிங்க" என்றார். மக்கள் உட்காரும் பெஞ்சை மட்டும் விடச் சொன்னார்: "சனம் எங்கீங்க உக்காரும்?" அடுத்த ஐந்து நாள் செயல் அலுவலர் உட்பட எல்லோரும் அந்தப் பெஞ்சில் பொதுமக்களோடு நெருக்கியடித்து வேலை பார்த்தோம். பிறப்புச் சான்றிதழ்கள் அவ்வளவு வேகமாக அதற்குமுன் கிடைத்ததில்லை.

ஜப்தி அன்று என் மேசை டிராயரைக் காலி செய்தபோது, அடியில் விரித்திருந்த காகிதத்துக்குக் கீழே அளவுப் புத்தகம் கிடந்தது. ஆரோக்கியசாமி எடுத்து இரண்டு பக்கம் புரட்டினார்.

"என்னய்யா அது?" என்றார் அமீனா.

"ஆபீஸ் புஸ்தகமுங்க. ஜப்தி லிஸ்ட்டுல இல்லீங்க" என்று என் கையில் கொடுத்தார்.

ஆறாம் நாள் செக் போனது. மெஷினை மீட்டு, டிராக்டரில் கட்டி, எங்கள் அலுவலக வாசல் வழியாகவே கொண்டுபோனார். போகும்போது எனக்கு ஒரு கும்பிடு வேறு. நான் கடைசிவரை மன்னிப்புக் கேட்கவில்லை. வெட்கம்தான் காரணம்.

கல்லறைத் தோட்டத்தில் மாரப்பனிடம் சொல்லிவிட்டேன், அந்தப் புத்தகம் என் டிராயரில்தான் இருந்தது என்று.

"தெரியுமுங்க. அன்னிக்கு உங்க மேசையத் தூக்குனதே நானுங்க. கத்தோணும்னு வாயத் தொறந்தேன், அண்ணன் அடக்கிப்போட்டாருங்க. 'நமக்குப் பணம் வந்துருமப்பா, அவருக்கு வேல போனா வராது. ஊட்டுல பொண்ணு கண்ணாலத்துக்கு நிக்குது'ன்னாருங்க."

ஜப்திக்கு அடுத்த தையில் என் மகள் கல்யாணம் நடந்தது. அவரும் வந்து பந்தியில் இரண்டாம் முறை பாயசம் கேட்டு வாங்கிச் சாப்பிட்டார். அவருடைய புகைப்படம்கூட என்னிடம் இல்லை. மாதாமாதம் வருகிற பென்ஷன் இருக்கிறது. அது அவர் கொடுத்தது.