ஏழாவது வருடத்துக் காணியில் நான் நட்ட கிழங்கு

நோர்வேயில், எல்லிங்ஸ்ருட் என்ற இடத்தில், எங்கள் மாடிக் கட்டடங்களுக்குப் பின்னால், காடு தொடங்குகிற இடத்தில், ஒரு தோட்டச் சங்கம் இருக்கிறது. சின்னச் சின்னத் துண்டுக் காணிகள். ஒவ்வொன்றும் இரண்டு கார் நிறுத்துகிற அளவுதான். எங்களுக்கு ஒன்று கிடைக்க ஆறு வருடம் காத்திருந்தோம். கிடைத்த நாளிலிருந்து அது பறிபோய்விடுமோ என்பதுதான் என் கவலை. சங்கத்தின் விதி அப்படி. ஜூன் கடைசியில் நிர்வாகக் குழு சுற்றிப் பார்க்க வரும். பயிரிடாமல் கிடக்கிற காணியை எடுத்து, காத்திருக்கிற அடுத்த ஆளுக்குக் கொடுத்துவிடும்.

பக்கத்துக் காணி ஒரு யூதப் பெண்ணுடையது. என்னைவிடக் கொஞ்சம் மூப்பு, ஐம்பது தாண்டியிருக்கும். நகரசபையில் குடிதண்ணீர் சோதிக்கிற வேலை. மூன்று கோடைகளாக எல்லைக் கயிற்றுக்கு இரண்டு பக்கமும் நின்று வெங்காயத்தாளும் கரட்டும் மாற்றிக்கொண்டோம். சனிக்கிழமைகளில் வரமாட்டார் என்பதைத் தவிர அவருடைய சமயம் பற்றி எனக்கு ஒன்றும் தெரியாது. கேட்க ஆசைதான். ஆனால் எட்டாம் வகுப்போடு படிப்பு நின்றுபோன எனக்குப் படித்த ஆட்களிடம் கேள்வி கேட்கக் கூச்சம். எதையாவது மடைத்தனமாகக் கேட்டுவிடுவேனோ என்று இரண்டு தரம் யோசிப்பேன், மூன்றாம் தரம் கேட்காமலே விட்டுவிடுவேன்.

கொரோனா அடங்கிய அடுத்த வசந்தத்தில் அவர் வரவில்லை. ஏப்ரலில் எல்லோரும் மண் கொத்தினார்கள். அவருடைய காணியில் போன வருடத்துத் தண்டுகள் அப்படியே நின்றன. மே வந்தது. தொட்டால் அரிக்கிற காஞ்சோண்டி முழங்கால் உயரத்துக்கு எழும்பிவிட்டது. வாசல் படலை வேறு ஆவென்று திறந்து கிடந்தது.

என் கணவர் பஸ் ஓட்டுகிறவர். எதற்கும் அவசரப்படாத மனிதர்.

“இஞ்சேருங்கோ, அந்த மனுசிக்கு ஏதும் நடந்திருக்குமோ?”

“என்ன நடக்கிறது? வேலை கூடவா இருக்கும்.”

“கொரோனா கிரோனா ஏதும்...”

“கொரோனா முடிஞ்சுதப்பா. உமக்குத்தான் இன்னும் முடியேல்லை.”

அவர் சிரித்துவிட்டுப் போய்விட்டார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. எங்கள் ஊர்க் காணியை இராணுவம் முள்ளுக்கம்பி போட்டு அடைத்தபோது எனக்குப் பதின்மூன்று வயது. பள்ளிக்கூடம் போனதும் அதோடுதான். பல வருடம் கழித்துக் காணியை விட்டபோது அண்ணா ஒரு படம் அனுப்பினார். வீடு எந்தப் பக்கம் இருந்தது என்றே தெரியவில்லை, எல்லாம் பற்றை. அன்றிலிருந்து பற்றை என்றால் எனக்கு ஒரே அர்த்தம்தான்: அங்கே இருந்த ஆட்களுக்கு ஏதோ நடந்துவிட்டது.

அவருடைய தொலைபேசி எண் என்னிடம் இல்லை. குழுத் தலைவரிடம் கேட்கலாம். கேட்டால், காணி சும்மா கிடக்கிறது என்று நானே காட்டிக்கொடுத்ததாகிவிடும். ஆகவே முதலில் படலையை ஒரு கயிற்றால் இறுக்கிக் கட்டினேன். அடுத்த முறை போனபோது யாரோ அவிழ்த்திருந்தார்கள். உள்ளே, எங்கள் கட்டடத்தில் மேல்மாடியில் இருக்கிற சென்னைப் பிள்ளை, கணினி வேலைக்கு வந்தவள், ருபார்ப் தண்டுகளை உடைத்துக்கொண்டிருந்தாள். அது சிவப்புத் தண்டைச் சாப்பிடுகிற புளிப்புச் செடி. தானாகவே வருடா வருடம் முளைப்பது.

“பிள்ளை, அது ஆற்றை தோட்டம் தெரியுமோ?”

“தெரியாது ஆன்ட்டி. கேட் திறந்தே இருந்துச்சு போன வாரம். அந்த மேடமே இங்க ஒரு நாள் வந்தப்ப, வேணும்னா எடுத்துக்கோங்கன்னு சொன்னாங்க.”

“எந்த மேடம்?”

“அதான், சுருட்டை முடி.”

“சொன்னவவாம்! ஆளையே ரெண்டு மாசமாக் காணேல்லை. வையும் பிள்ளை அதை.”

அவள் தண்டுகளை என் கையில் தந்துவிட்டு, “நீங்க பேசுறது எனக்குப் பாதிதான் புரியுது, ஆனா திட்டுறீங்கன்னு புரியுது,” என்று சொல்லிப் போனாள். எனக்கு வெட்கமாகிவிட்டது. ஆனாலும் அவள் பொய் சொல்கிறாள் என்றே நினைத்தேன்.

வயோதிபர் இல்லம் ஒன்றின் சமையலறையில் எனக்கு வேலை. சனிக்கிழமைகளில்தான் ஓய்வு. மே மாதத்தில் இரண்டு சனிக்கிழமைகள் மண்வெட்டியோடு அந்தக் காணிக்குள் இறங்கினேன். காஞ்சோண்டியைக் கையுறை போட்டுப் பிடுங்கினேன். வேரோடு வராததைத் தோண்டினேன். காணியின் பாதியைக் கொத்தி, எங்களிடம் மிஞ்சிய விதைக்கிழங்கை நட்டேன். அந்த வருடம் மழை இல்லை. பின்னேரங்களில் குழாயை அந்தப் பக்கமும் இழுத்துத் தண்ணீர் விட்டேன். உருளைக்கிழங்கு பச்சையாக, வரிசையாக எழும்பியது. அதைப் பார்த்தபோதுதான் நெஞ்சுப் பாரம் கொஞ்சம் இறங்கியது. மனுசி ஆஸ்பத்திரியில் இருந்தாலும் காணி தப்பும்.

ஜூன் முதல் கிழமை அவர் வந்தார். ஆஸ்பத்திரியில் இருந்து அல்ல. ஒரு மடிப்புக் கதிரை, ஒரு சுடுதண்ணிப் போத்தல், ஒரு புத்தகம். வெயிலில் நன்றாகக் கறுத்திருந்தார். நான் ஓடிப்போய்ப் படலையைத் திறந்து, ஏதோ கலியாண வீட்டுப் பந்தலைக் காட்டுவது போலக் கையை நீட்டினேன்.

அவர் கிழங்கு வரிசையை ஒரு முனையிலிருந்து மறு முனை வரை நடந்து பார்த்தார். அவர் நோர்வேஜிய மொழியில் சொன்னதை எனக்கு விளங்கிய தமிழில் எழுதுகிறேன்.

“இதை ஆர் செய்தது?”

“நான்தான். நீர் வரேல்லை, பயந்திட்டன். காணியை எடுத்துப்போடுவினம் எண்டு.”

“எப்ப கொத்தினீர்?”

“சனிக்கிழமைகளில.”

“சனிக்கிழமையில வேறை!” என்று சொல்லி அவர் தலையில் கை வைத்தார். பிறகு கதிரையை விரித்து இருந்து, சிரிக்கத் தொடங்கினார். சிரிப்பு நின்றபோது கண் கலங்கியிருந்தது. 

அன்றைக்கு அவர் சொன்னதுதான் இது. சனிக்கிழமை அவர்களுக்கு வேலை செய்யக் கூடாத ஓய்வு நாளாம். நிலத்துக்கும் அவர்களுடைய வேதத்தில் அப்படி ஒரு சட்டம் இருக்கிறதாம். ஆறு வருடம் விதைக்கலாம், அறுக்கலாம். ஏழாவது வருடம் நிலத்தைச் சும்மா விட வேண்டும். கொத்தக் கூடாது, விதைக்கக் கூடாது. தானாக முளைப்பது எல்லோருக்கும் பொது; ஏழைக்கும் வழிப்போக்கனுக்கும் காட்டு மிருகத்துக்கும். அதனால் படலையைப் பூட்டவும் கூடாது. நிலம் கடவுளுடையது, மனிதர் அதில் தங்கிப் போகிற ஆட்கள் மட்டும்தான். அது அந்த ஏழாவது வருடம்.

“அப்ப படலையைத் திறந்து விட்டது...”

“நான்தான். ஏப்ரலில ஒரு நாள் வந்தனான்.”

“ருபார்ப்?”

“ஆரோ ஒரு பிள்ளையை எடுக்கச் சொன்னனான்.”

எனக்கு நிலம் பிளந்து உள்ளே போகலாம் போல இருந்தது. ஆனால் வெட்கத்தை விடக் கேள்விகள் முந்திக்கொண்டன. அன்றைக்குத்தான் முதல் முறையாக, யோசிக்காமல் கேட்டேன்.

“எல்லாரும் விதைக்காட்டி ஏழாம் வருசம் என்னத்தைச் சாப்பிடுறது?”

அவர் என்னைப் பார்த்த விதம் மாறியது. “அந்தக் கேள்வி வேதத்துக்குள்ளயே இருக்கு. ‘நாங்கள் என்னத்தைச் சாப்பிடுவம்’ எண்டு சனம் கேட்கும் எண்டு எழுதியிருக்கு. உம்மை மாதிரிக் கவலைப்படுகிற ஆக்கள் அப்பவே இருந்திருக்கினம்.”

“பதில்?”

“ஆறாம் வருசம் கூட விளையுமாம்.”

“மழை பெய்யாட்டி?”

“அதுதான் எனக்கும் பயம்,” என்றார். அந்தச் சட்டம் அவர்களுடைய புனித நாட்டு மண்ணுக்குத்தான். நோர்வே மண்ணுக்குக் கட்டாயமே இல்லையாம். அவர்களுடைய ஆட்களிலேயே சிலர், உனக்கு விசரா, இரண்டு கார் அளவுக் காணியை ஓய்வுக்கு விட்டு, சூடேறுகிற உலகம் குளிரப் போகிறதா என்று கேட்டார்களாம். “நான் ஒவ்வொரு நாளும் ஏரித் தண்ணியைச் சோதிக்கிறன். வருசத்துக்கு வருசம் பழுப்பாகுது. இந்த வருசம் மட்டமும் இறங்கிப் போச்சு. ஒண்டும் செய்யாமல் இருக்கிறதுக்கும் ஒரு பழக்கம் வேணும். ஒரு வருசமாவது அதைப் பழகிப் பாப்பம் எண்டு நினைச்சன்.”

நான் அந்தக் குழாயை மெதுவாகக் காலால் பின்னுக்குத் தள்ளினேன். அவர் அதையும் கண்டுவிட்டார்.

“நான் எல்லாத்தையும் பிடுங்கிவிடுறன்,” என்றேன். “இப்பவே. மண்ணைப் பழையபடி மூடிவிட்டால் சரிதானே?”

“வேண்டாம், வேண்டாம்!” என்று எழும்பியே விட்டார். இன்னொரு சட்டம் இருக்கிறதாம். சாப்பாடு தருகிறதை வீணாக அழிக்கக் கூடாது. அது யுத்தத்துக்குச் சொன்ன சட்டமாம்: எதிரியின் நகரத்தைச் சுற்றி வளைத்து நின்றாலும், அங்கேயுள்ள பழமரங்களை வெட்டக் கூடாது. மரம் உன்னோடு சண்டைக்கு வந்ததா என்பது போலக் கேட்கிறதாம் வேதம். பிறகு வந்த பெரியவர்கள் அதைச் சாப்பாட்டுக்கும் துணிக்கும் விளக்கெரிக்கிற எண்ணெய்க்கும்கூட விரித்துவிட்டார்களாம்.

யுத்த காலத்தில் பங்கர் கட்ட எங்கள் ஊரில் வரிசை வரிசையாகத் தறித்த பனைகள் எனக்கு ஞாபகம் வந்தன. இரண்டு பக்கமும்தான் தறித்தார்கள். அப்படி ஒரு கேள்வியை அன்றைக்கு யாரும் கேட்டதாக எனக்கு நினைவில்லை. அதை அவரிடம் சொன்னேன். அவர் போத்தலில் இருந்த தேநீரில் பாதியை எனக்கு ஊற்றித் தந்தார்.

ஆக, கொத்தினது பிழை, பிடுங்குவதும் பிழை. கிழங்கு நிற்கட்டும், ஆனால் தண்ணீர் விடாதே, மண் அணைக்காதே, காவல் நிற்காதே என்று முடிவானது. குழு வருவதற்கு மூன்று கிழமை இருந்தது. ஓய்வுக்கு விடுவதாக அவர் எழுதிய கடிதத்துக்குக் குழு இன்னும் பதில் போடவில்லை.

“கேட்டால், நட்டனான் எண்டு சொல்லிவிடும்,” என்றேன். “பாதிக் காணி பச்சையா நிக்குது. ஒருத்தருக்கும் தெரியாது.”

“எனக்குத் தெரியுமே.”

வீட்டுக்கு வந்து கணவரிடம் எல்லாவற்றையும் சொன்னேன். மற்றவர் காணிக்குள் அனுமதி இல்லாமல் இறங்கினால் எச்சரிக்கை என்று விதிப் புத்தகத்தில் இருந்தது. அதை அன்றைக்குத்தான் கண்ணாடி போட்டு வாசித்தேன்.

“அப்ப ரெண்டு காணியும் போகுது,” என்றார் அவர். “நல்ல வேலை பாத்தீர். பேசாமல் நிண்டுகொள்ளும். அந்த மனுசி பாத்துக்கொள்ளும்.”

குழு வந்த நாள் காலையிலிருந்து என் காணிக்குள்ளேயே நின்றேன். தலைவர் ஓய்வு பெற்ற மனிதர், முழங்கால் அளவு சப்பாத்து, கையில் பட்டியல். பக்கத்துக் காணியில் நின்று, ஒரு பாதியில் கிழங்கையும் மறு பாதியில் முட்பூண்டையும் மாறி மாறிப் பார்த்தார்.

“கடிதம் கிடைச்சது,” என்று அந்தப் பெண்ணிடம் சொன்னார். “ஆனால் இது பயிரிட்டிருக்கே. அப்ப பிரச்சினை இல்லை. நீங்கள்தானே நட்டது?” பேனை பட்டியலுக்கு மேலே காத்து நின்றது.

“இல்லை,” என்றார் அவர்.

 என் பெயரை அவர் சொல்லவில்லை. சொல்லப் போவதுமில்லை என்று விளங்கியது. நான் வாய் திறக்காவிட்டால் என் காணி தப்பும், அவருடையது போகும். சங்கக் கூட்டங்களில் பின்வரிசையில் இருந்து கோப்பி குடித்துவிட்டு வருகிறவள் நான். என் குரலே அந்த ஆட்களுக்குத் தெரியாது.

“நான் நட்டனான்,” என்றேன். “அவவுக்குத் தெரியாது. அவ வராததில பயந்து நட்டிட்டன்.” தொடங்கியபின் நிறுத்தத் தெரியவில்லை. ஏழாவது வருடம், திறந்த படலை, வழிப்போக்கன், காட்டு மிருகம் எல்லாவற்றையும் என் உடைந்த நோர்வேஜிய மொழியில் கொட்டினேன். இலக்கணம் எங்கே போனதோ தெரியாது. கடைசியில், “இது கைவிட்ட காணி இல்லை. அவ யோசிச்சுத்தான் விட்டிருக்கிறா. நான்தான் யோசிக்காமல் கொத்தினது,” என்றேன்.

தலைவர் பேனையை மூடினார். “முப்பது வருசமா வாறன்,” என்றார். “சோம்பலுக்கு எத்தினையோ காரணம் கேட்டிருக்கிறன். கடவுள் சொன்னார் எண்டு இண்டைக்குத்தான் கேக்கிறன்.” அவர் பகிடி விடுகிறாரா, கோபமா என்று அந்த முகத்தில் கண்டுபிடிக்க முடியவில்லை.

இரண்டு கிழமை கழித்து இரண்டு கடிதங்கள் வந்தன. அவருக்கு: காணியை வைத்திருக்கலாம், ஆனால் வரும் வசந்தத்தில் கட்டாயம் பயிரிட வேண்டும். எனக்கு: எழுத்து மூலமான எச்சரிக்கை. நான் அதை மூன்று தரம் வாசித்தேன். வாழ்க்கையில் முதல் எச்சரிக்கை. கணவர் அதை வாங்கிப் பார்த்து, “இத்தினை வருசம் எல்லாத்துக்கும் பயப்பட்டது வீண் போகேல்லை,” என்றார்.

பக்கத்துக் காணிப் பெண்ணிடம் காட்டியபோது அவர் தன் கடிதத்தையும் எடுத்து இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் பிடித்துப் பார்த்தார். “வரும் வசந்தம்,” என்றார். “அது எட்டாம் வருசம். நான் எப்பிடியும் விதைக்கத்தான் இருந்தனான்.” பிறகு, “நீர் அப்பிடிக் கதைப்பீர் எண்டு நினைக்கேல்லை,” என்றார்.

“நானும் நினைக்கேல்லை.”

அடுத்த முறை அவர் இரண்டு கதிரைகள் கொண்டுவந்தார். அந்தக் கோடை முழுவதும் ஞாயிற்றுக்கிழமைப் பின்னேரங்களில் அவருடைய காணிக்குள் சும்மா இருக்கப் பழகினேன். சொன்னால் நம்பமாட்டீர்கள், கொத்துவதை விடக் கஷ்டம். காலடியில் ஒரு புல் தெரியும், கை தானாகப் போகும். “கை!” என்பார் அவர், புத்தகத்திலிருந்து தலை நிமிர்த்தாமலே. நான் கையை மடிக்குள் வைத்துக்கொள்வேன். வைத்துக்கொண்டு கேள்வி கேட்பேன். வண்டுக்கும் பூச்சிக்கும் அந்த வருடம் பொதுவா? மரத்துக்கு வயது பார்ப்பார்களா? ஓம் என்றார், நட்ட மரத்தின் முதல் மூன்று வருடப் பழத்தை அவர்கள் தொடுவதில்லையாம். ஏன் என்று கேட்டேன். அதற்கு ஆளுக்கொரு காரணம் சொல்வார்களாம், தனக்கு ஒன்றும் முழுதாகப் பிடிக்கவில்லையாம்.

ஜூலை கடைசியில் முட்பூண்டுகள் பஞ்சாகி வெடிக்கத் தொடங்கின. காற்று எங்கள் காணிப் பக்கம்.

“இஞ்சை பாரும்,” என்றேன். “விதை முழுக்க என்ர கரட்டுக்குள்ள விழுகுது.”

“ம்.”

“உம்மட பக்கம் நிண்டால் நான் தொடக்கூடாது. என்ர பக்கம் முளைச்சால்?”

அவர் புத்தகத்தை மூடினார். யோசித்தார். உண்மையாகவே யோசித்தார்.

“அது எனக்குத் தெரியாது,” என்றார். “ஆரிட்டையாவது கேட்டுச் சொல்லுறன்.”