இரண்டு முழத் துணி

முதலில் கண்டது நடுக்கம். யுத்தத்துக்குத் தப்பிப் பர்மாவிலிருந்து நடந்தே வந்த என் அக்காள் மகள் செல்லத்தை, அத்தான் ஆரியசாலையில் எங்கள் வீட்டில் விட்டுவிட்டு வேலை தேடி நாகர்கோவிலுக்குப் போன அன்று பிற்பகலே அவளுக்குக் குளிர் வந்தது. மூன்று போர்வை போட்டும் பற்கள் அடித்துக்கொண்டன. ஏழு வயது. அக்காள் வழியிலேயே இறந்துவிட்டாள்.

ஆஸ்பத்திரியில் மலேரியா (முறைக்காய்ச்சல்) என்றார்கள். மண்ணீரல் (இடது விலாவுக்குக் கீழுள்ள உறுப்பு) தொப்புள்வரை வீங்கியிருந்தது. அங்கேயே சேர்த்துக்கொண்டார்கள்.

"இன்னும் ரெண்டு தடவை காய்ச்சல் வந்தா ஹார்ட் தாங்காது, கேட்டோ. ஊசிமருந்தெல்லாம் யுத்தத்துக்குப் போயாச்சு. கசந்தாலும் கொய்னா மருந்தைக் குடிச்சே தீரணும்" என்றார் மலையாளி டாக்டர்.

நான் நர்ஸ் பயிற்சி முடித்தவள். பட்டியல் போட்டேன்: தலையை மழிக்க, பழைய துணிகளைக் கொதிக்கவைக்க, இடது மணிக்கட்டில் இறுகிக் கிடந்த புடவைக் கிழிசலை வெட்டிப் புண்ணுக்கு மருந்திட. மறுநாள் காலை பத்து மணிக்குள் மூன்றையும் முடித்துக் கோடு கிழித்தேன்.

அதன்பின் செல்லம் வாய் திறக்கவில்லை. கொய்னாவைத் துப்பினாள். மூக்கைப் பிடித்து ஊற்றினேன், வாந்தியெடுத்தாள். அடுத்த காய்ச்சல் தன் முறை தவறாமல் வந்தது.

தந்தி கிடைத்து ஓடிவந்த அத்தான் முதலில் பார்த்தது அவள் கையைத்தான்.

"அதை ஏன் வெட்டினே? கூட்டத்துல பிள்ளை தொலைஞ்சிடக் கூடாதுன்னு உங்கக்கா தன் கையோட சேர்த்துக் கட்டினது. அவ விழுந்தப்புறம் மறுமுனையை நான் கட்டிக்கிட்டு நடந்தேன்."

இப்படி வந்த குழந்தையை வைத்திருப்பவர்களுக்கு இதைத்தான் சொல்ல வந்தேன். வெட்டுமுன் கேளுங்கள். நான் கேட்கவில்லை.

பேண்டேஜ் துணியில் இரண்டு முழம் கிழித்தேன். புண்ணுக்கு மேலே தளர்வாக ஒரு முனை, என் இடது கையில் மறுமுனை. செல்லம் இழுத்துப் பார்த்தாள்.

"பல்லால கடிச்சு இறுக்கு சித்தி. அம்மா அப்படித்தான் கட்டும்."

இறுக்கினேன். முகம் சுளித்து, கொய்னாவை விழுங்கினாள்.

பிறகு அந்த இரண்டு முழத்துக்கு அப்பால் எனக்கு உலகமில்லை. கக்கூசுக்கும் இருவராகவே போனோம். "நர்சம்மையைக் கெட்டிப்போட இத்தனூண்டு குட்டி போதும்!" என்று வார்டு ஆயா சிரித்தாள். எனக்கு மூச்சு முட்டியது. செல்லம் உறங்கும்போது இருமுறை முடிச்சில் விரல் வைத்தேன். இருமுறையும் கண் விழித்தாள்.

காய்ச்சல் நின்று வீடு திரும்பியும் துணி இருந்தது. ஒருநாள் பகல், தெருவில் பிள்ளைகள் நொண்டியடித்துப் பாண்டி ஆடும் சத்தம். செல்லம் தன் முடிச்சைப் பல்லால் கடித்து அவிழ்த்தாள்.

"நீ இங்கேயே இரு சித்தி. நான் போயிட்டு வந்திருவேன்."

கடிகாரம் பார்த்தே பழகியவள் நான். அன்று எவ்வளவு நேரம் உட்கார்ந்திருந்தேன் என்று தெரியாது. துணியில் அவள் முனை தரையில் கிடந்தது. அவள் வரும்வரை இடது கையை நான் அசைக்கவில்லை.