சாரலில் ஜெயித்த கோப்பை

கூடைப்பந்து ஆடுவதற்கென்றே ஒரு மில் வேலை கொடுத்தால் அது சுகமான உத்தியோகம் என்று நினைப்பவர்கள், தோற்ற மறுநாள் காலை அந்த மில் வாசலில் ஒருமுறை நுழைந்து பார்க்க வேண்டும். உங்களில் யாராவது சம்பளத்துக்குப் பந்து ஆடியிருந்தால், நான் சொல்லாமலே புரியும். ஐம்பதுகளின் கடைசியில், தென்காசிக்குப் பக்கத்தில் ஒரு நூற்பாலை அணியில் ஆடினேன். இது நாங்கள் சாம்பியன் ஆன வருஷத்துக் கதை.

மேஸ்திரியின் யோசனை

பேருக்கு எனக்கு நூல் சுற்றும் பிரிவில் வேலை. சாயங்காலம் ஆனால் கால்சட்டையை மாட்டிக்கொண்டு மைதானத்துக்குப் போய்விடலாம். அந்த வருஷம் கோப்பைப் போட்டி தொடங்கும் முன்பே மானேஜர் எங்களைக் கூப்பிட்டு, "இந்தத் தடவையும் கோப்பை வரலைன்னா அணியைக் கலைச்சிருவேன்" என்று சொல்லிவிட்டார். பந்து இல்லாமல் அந்த மில்லில் ஒரு நாள்கூட என்னால் நின்றிருக்க முடியாது.

எங்கள் கேப்டன் இசக்கி அண்ணாச்சி விடிகாலையிலும் ஓட வைத்தார். நான் வேலை நேரத்திலும் விடவில்லை. நூல்கண்டை எடுத்துத் தூரத்திலிருந்த கூடைக்குள் எறிந்து எறிந்து பழகினேன். ஒன்றும் தப்பாது. ஒருநாள் மேஸ்திரி பின்னால் நின்று பார்த்துவிட்டார். திட்டப்போகிறார் என்று கூடையை மறைத்து நின்றேன். அவர் சாவகாசமாகச் சொன்னார்: "ஏலே, அங்கன போனா பந்தைத் தவற விடுத, இங்கன நூல்கண்டைச் சரியா எறியுத. ரெண்டையும் மாத்திச் செஞ்சா என்னலே?"

குதிக்கக் கூடாது

அரையிறுதியைத் தென்காசியில் ஜெயித்தோம். ஆனால் கூடைக்கடியில் நின்று ஆடும் எங்கள் சென்டர் ஆட்டக்காரன் பரமசிவம் ஈரத்தில் வழுக்கிக் கணுக்காலைப் பிசகிக்கொண்டான். கீழப்பாவூர்க்காரன், குனியாமல் எந்த நிலைப்படியையும் தாண்டமாட்டான். அவன் இல்லாவிட்டால் எங்களுக்கு ஆட்டமே இல்லை. அவனும் அதைத் தெரிந்துகொண்டு, பஸ்ஸில் முகத்தைத் துண்டால் மூடி அழுதுகொண்டே வந்தான்.

குற்றாலத்தில் எண்ணெய் தேய்க்கிற ஒருவரிடம் தூக்கிப் போனோம். அவர் காலை உருவி, ஒரு சுண்டு சுண்டினார். பரமசிவம் போட்ட கூச்சலில் அருவிக்கரைக் குரங்கெல்லாம் மரமேறிவிட்டன. "நடக்கலாம், ஓடலாம். குதிக்க மட்டும் கூடாது" என்றார். "எங்க விளையாட்டே குதிக்கதுதானே அண்ணாச்சி!" என்றான் இவன். அவர் அவனை அடியிலிருந்து முடிவரை ஒரு பார்வை பார்த்தார். "பனைமரமாட்டம் நிக்கீரு, எதுக்குவே குதிக்கணும்? கையைத் தூக்கும், போதும்!"

கடைசி நிமிஷம்

இறுதி ஆட்டம் குற்றாலத்திலேயே. நல்ல சீசன். குளித்த ஈரத்தலையோடு ஜனங்கள் மைதானத்தைச் சுற்றி நெருக்கிக்கொண்டு நின்றார்கள். எதிரே, மூன்று வருஷமாகக் கோப்பையை விடாத மதுரை அணி. சாரல் விட்டு விட்டு அடித்தது. பந்து ஊறிப் பலாப்பழமாகக் கனத்தது. அவர்கள் ஒன்று போட்டால் நாங்கள் ஒன்று போட்டோம். முடிய சில நொடிகள் இருக்கும்போது ஒரு புள்ளி பின்னால் இருந்தோம். அப்போது என்னை ஒருவன் இடித்துத் தள்ள, யாரும் தடுக்காமல் எறிய எனக்கு இரண்டு ஃப்ரீ த்ரோ கிடைத்தது.

அருவிச் சத்தம் மட்டும் கேட்டது. முதல் பந்து உள்ளே போனது. சமம்! இரண்டாவது பந்து கையை விட்டதுமே எனக்குத் தெரிந்துவிட்டது, தப்பு என்று. வளையத்தில் பட்டு வெளியே துள்ளியது. மதுரைக்காரர்கள் இருவர் எழும்பினார்கள். அவர்களுக்கும் மேலே ஒரு கை. பரமசிவம் குதித்தே விட்டான்! நுனிவிரலால் ஒரு தட்டு, பந்து வளையத்துக்குள். முடிவு விசில் ஊதிவிட்டார்கள். நான் ஓடிப்போய், சேற்றில் மல்லாந்து கிடந்தவன் மேல் விழுந்தேன். அவன் என் சட்டையைப் பிடித்து உலுக்கினான்: "ஏலே, பந்து உள்ள போச்சா? நான் கண்ணை மூடிட்டம்லே!"

எந்தக் கட்சி?

மறுநாள் எங்களை லாரியில் ஏற்றி, மாலை போட்டு, மேளத்தோடு தென்காசி ரதவீதியைச் சுற்றிக் காட்டினார்கள். இசக்கி அண்ணாச்சி கோப்பையைப் பச்சைப்பிள்ளை மாதிரி நெஞ்சோடு அணைத்துக்கொண்டிருந்தார். நான் நேற்றுவரை யாருக்கும் தெரியாத ஆள். இன்று எல்லோருக்கும் கும்பிடு போட்டுக்கொண்டிருந்தேன். பூக்கடைக்கார அம்மா ஒருத்தி லாரியை நிறுத்தி, எங்கள்மேல் ஒரு கூடைப் பூவை அள்ளி வீசிவிட்டு, என்னிடம் கேட்டாள்: "ஏய்யா, செயிச்சது எந்தக் கட்சி?"

சாம்பியன் ஆனதால் எங்களுக்குக் கிடைத்த பெரிய பரிசு என்னவென்றால், அடுத்த வருஷமும் இதே நடுக்கத்தோடு ஆடிக்கொள்ளலாம் என்ற அனுமதிதான்.