ஒனேஹுங்கா வீட்டுக்கான உத்தேசக் கணக்கு

எண்பதுகளின் பிற்பகுதியில், மவுண்ட் ரோஸ்கில்லில் ஒரு தேவாலயத்தின் பின்பக்க மண்டபத்தில், சனிக்கிழமை காலைகளில் சம்பளமில்லாமல் ஒரு வேலை செய்துவந்தேன். வாடகை வீட்டில் இருக்கும், வருமானம் குறைந்தவர்கள் அங்கே வருவார்கள். அரசாங்கம் கொடுக்கும் வாடகை உதவி தங்களுக்குக் கிடைக்குமா, கிடைத்தால் எவ்வளவு வரும் என்று கேட்பார்கள். நான் சம்பளத்தையும் வாடகையையும் கேட்டு, ஒரு உத்தேசக் கணக்குப் போட்டுச் சொல்வேன். யாழ்ப்பாணத்தில் பெண்கள் பள்ளிக்கூடமொன்றில் கணிதம் படிப்பித்தவள் நான். நியூஸிலாந்தின் ஆக்லாந்துக்கு வந்த பிறகு அந்தக் கணிதம் பயன்பட்டது இந்த மேசையில் மட்டும்தான். வாரநாட்களில் ஒரு டெய்ரியில், இங்கே மூலைக்கடைக்கு அதுதான் பெயர், பாலும் பாணும் விற்றுக்கொண்டு நின்றேன்.

மேசையை நடத்தியவர் ஓய்வுபெற்ற ஒரு வெள்ளைக்காரத் தாதி. முதல் நாளே எனக்கு ஒரு எச்சரிக்கை கொடுத்தார். "ஒரு தொகையை மட்டும் சொல்லிவிடாதே. குறைந்தது இவ்வளவு, கூடினால் இவ்வளவு என்று சொல். ஒன்றைச் சொன்னால் அதை நம்பி வீட்டை எடுத்துவிடுவார்கள்."

கணக்கு பெரிய சிக்கலானதல்ல. வருமானத்தில் ஒரு பங்கை வாடகைக்கென்று நாமே கொடுக்க வேண்டும். வாடகை அதற்கு மேலே போனால், மேலே போனதில் ஒரு பகுதியை அரசாங்கம் தரும். அதற்கும் ஓர் உச்சவரம்பு உண்டு. சிக்கலெல்லாம் மனிதர்களிடம்தான். யார் யாரோடு இருக்கிறார்கள், யாருடைய சம்பளம் யார் கைக்குப் போகிறது என்று கேட்கத் தொடங்கினால் அரைவாசிப் பேர் நிலத்தைப் பார்ப்பார்கள்.

ஒரு மழைக்காலச் சனிக்கிழமை அந்தப் பெண் வந்தாள். முப்பது வயது இருக்கும். நனைந்த கம்பளிச் சட்டையைக் கழற்றாமலே கதிரையின் நுனியில் உட்கார்ந்தாள். என் பொட்டைப் பார்த்துவிட்டு, "தமிழா?" என்று கேட்டாள்.

"ஓம். நீங்கள்?"

"ஃபிஜி. எங்க தாத்தா காலத்துத் தமிழ்க்கா. பாதி இந்தி கலந்துடும். நீங்க சிரிக்கக் கூடாது."

பிறகு, தனக்குத் தெரிந்த ஒரு பெண்ணுக்காகக் கேட்க வந்ததாகச் சொன்னாள். அந்தப் பெண்ணுக்கு ஒரு மகள். சட்டை தைக்கும் ஃபாக்டரியில் வேலை. புருஷனுடைய வீட்டை விட்டு வந்து தனியாக ஒரு வீடு வாடகைக்கு எடுத்தால் எவ்வளவு உதவி கிடைக்கும்? நான் கேட்ட ஒவ்வொரு கேள்விக்கும் யோசிக்காமல் பதில் வந்தது. யாரோ ஒருத்தியின் வாராந்தச் சம்பளமும், ஓவர்டைம் எந்த மாதத்தில் குறையும் என்பதும் இவ்வளவு துல்லியமாக எவருக்கும் தெரியாது. நான் ஒன்றும் காட்டிக்கொள்ளவில்லை. இரண்டு தொகைகளைச் சொன்னேன்.

"ரெண்டு எதுக்குக்கா? ஒண்ணு சொல்லுங்க."

"ஒண்டு சொல்ல ஏலாது."

அடுத்த சனிக்கிழமையும் வந்தாள். இந்த முறை 'தெரிந்த பெண்' இல்லை. "நான்தான்க்கா" என்று சொல்லிவிட்டு, பத்திரிகையிலிருந்து வெட்டிய ஒரு விளம்பரத்தை மேசையில் வைத்தாள். அதற்கடுத்த வாரம் இன்னொரு வீடு. மாங்கரேயில் ஒன்று, ஹில்ஸ்பரோவில் ஒரு வீட்டின் கீழ்த்தளம், ஒனேஹுங்காவில் பின்வளவுக் குடில் ஒன்று. ஒவ்வொன்றுக்கும் நான் கணக்குப் போட வேண்டும். அவள் பாபடோயிட்டோயில் இருந்தாள். அங்கேயும் இப்படி ஒரு மேசை இருந்தது. ஆனால் தெரிந்தவர்கள் கண்ணில் படாமலிருக்க இரண்டு பஸ் மாறி எங்களிடம் வந்தாள்.

கொஞ்சம் கொஞ்சமாக வீட்டு நிலைமையைச் சொன்னாள். மூன்று அறை வீட்டில் மாமியாரும் மூன்று மகன்மாரின் குடும்பங்களும். எல்லாருடைய சம்பளமும் மாமியார் கைக்குப் போகும். அவளுக்கும் மகளுக்கும் அறைகளுக்கு நடுவே நடைவழியில் ஒரு மெத்தை. புருஷன் கூடத்தில் கல்யாணமாகாத கடைசித் தம்பியோடு படுப்பான். விடியற்காலை வேலைக்குப் போகிறவர்கள் குழந்தையைத் தாண்டித்தான் குளியலறைக்குப் போக வேண்டும். ஒருநாள் யாரோ இருட்டில் பிள்ளையின் கையை மிதித்துவிட்டார்கள்.

"அவர் அடிக்கிறவரா?" என்று மெதுவாகக் கேட்டேன். கேட்க வேண்டிய கேள்வி அது.

"இல்லக்கா. அடிச்சா சுலபமாப் போயிருக்கும். நல்ல மனுஷன். அவங்கம்மா முன்னாடி வாய் திறக்க மாட்டாரு. அவ்வளவுதான்."

அவள் போன பிறகும், 'போனால்', 'எடுத்தால்' என்ற அவளுடைய பேச்சு என்னைவிட்டுப் போகவில்லை. பஸ்ஸில் போகும்போது ஜன்னல்களைப் பார்க்கத் தொடங்கினேன். திரை இல்லாத ஜன்னலைக் கண்டால் அந்த வீடு காலியாக இருக்கும், வாடகை எவ்வளவு இருக்கும் என்று மனம் ஓடும். டெய்ரியில் மிச்சக்காசு எண்ணிக் கொடுக்கும்போதும் அதே ஓட்டம். ஒருநாள் டொமினியன் ரோட் பஸ்தரிப்பில் மழைக்கு ஒதுங்கி நின்றபோதுதான் கவனித்தேன். நான் மனதுக்குள் போட்டுக்கொண்டிருந்தது அவளுடைய கணக்கல்ல. என்னுடைய சம்பளம், என்னுடைய மகள், ஓர் அறை. என்னுடைய கணக்கு.

என் கணவர் ஊரில் எஞ்சினியர். இங்கே விமான நிலையத்தில் சரக்கு ஏற்றிக்கொண்டிருந்தார். அவருக்கு இந்த நாடே பிடிக்கவில்லை. மெல்பேர்ன், மெல்பேர்ன் என்று ஒரே கதை.

"இஞ்சை பாரும், அங்கை இருக்கிற என்ரை சிநேகிதன் திரும்பவும் எழுதியிருக்கிறான். அங்கை போனா என்ரை படிப்புக்கு ஒரு மதிப்பிருக்கும்."

"பிள்ளை இப்பதான் இந்தப் பள்ளிக்கூடத்திலை பழகியிருக்கிறாள்."

"பிள்ளைக்கென்ன, எங்கையும் பழகுவாள்."

கொழும்பிலிருந்து புறப்பட்ட பிறகு நாலு வீடு மாறியிருந்தோம். இன்னும் பிரிக்காத பெட்டி ஒன்று கட்டிலுக்குக் கீழே கிடந்தது. அவர் மெல்பேர்ன் என்று சொல்லும்போதெல்லாம் என்னால் அந்த இடத்தில் இருக்க முடியாது. சண்டை என்று ஒன்றும் இல்லை. எழும்பிப் போய்ச் சமையலறையில் கழுவிய பாத்திரத்தை மறுபடி கழுவுவேன்.

ஒனேஹுங்கா வீட்டைப் பார்க்க அவள் என்னையும் கூப்பிட்டாள். முன்வீட்டில் ஒரு வெள்ளைக்காரக் கிழவர் தனியாக இருந்தார். பின்வளவில் சமையலறையோடு ஒரே ஒரு படுக்கையறை. சுவர் ஈரம் பிடித்திருந்தது. ஆனால் அறைக்குக் கதவு இருந்தது. அவள் அந்தக் கதவைச் சாத்தினாள், திறந்தாள், திரும்பச் சாத்தினாள். உள்ளே நின்றபடியே, "அக்கா, இது போதும்" என்றாள்.

வெளியே வந்ததும் உண்மையான தொல்லை தொடங்கியது. வீட்டை எடுத்துக் குடிபோன பிறகுதான் உதவிக்கு விண்ணப்பிக்கலாம். விண்ணப்பித்தால்தான் சரியான தொகை தெரியும். தொகை தெரியாமல் வீட்டை எப்படி எடுப்பது? அவளுக்கும் அந்த வீட்டுக்கும் இடையில் இருந்தது என் உத்தேசக் கணக்கு மட்டும்தான். என் கூடிய தொகை வந்தால் அவள் சமாளிப்பாள். குறைந்தது வந்தால் ஓவர்டைம் இல்லாத மாதங்களில் திண்டாடுவாள்.

பஸ்தரிப்பில் நின்று கேட்டாள். "நீங்க டீச்சர். படிச்சவங்க. சொல்லுங்க, போகலாமா?"

"நான் கணக்குச் சொல்லுவன். போகச் சொல்லமாட்டன்."

"கணக்கு எனக்கும் தெரியும்க்கா இப்ப. இத்தனை வாரமா நீங்க போட்டதைப் பார்த்துக்கிட்டுத்தான இருந்தேன். நான் அதுக்கா வந்தேன்?"

"நான் போ எண்டு சொல்லி நீர் போனா, நாளைக்கு அந்த வீட்டிலை இருக்கப்போறது நானில்லை. நீர்தான்."

அவள் முகம் சிவந்துவிட்டது. வந்த பஸ்ஸில் ஏறி, என்னைத் திரும்பிப் பார்க்காமல் போய்விட்டாள்.

அடுத்த சனிக்கிழமை அவள் வரவில்லை. அதற்கடுத்த வாரமும் வரவில்லை. மேசையில் வேறு ஆட்கள் இருந்தார்கள், வேறு வாடகைகள் இருந்தன. ஆனால் மண்டபக் கதவு திறக்கும்போதெல்லாம் நிமிர்ந்து பார்த்தேன். தாதி அதைக் கவனித்துவிட்டு, "அவள் வாடகையைப் பற்றிக் கேட்க வரவில்லை, உனக்குத் தெரியும்தானே?" என்றார். எனக்குத் தெரிந்திருந்தது.

மூன்றாவது வாரம் என்னால் இருக்க முடியவில்லை. கறிவேப்பிலையும் பருப்பும் வாங்க வேண்டும் என்று எனக்கு நானே காரணம் சொல்லிக்கொண்டு பாபடோயிட்டோய்க்குப் பஸ் ஏறினேன். கடைத்தெருவில் அவளைக் கண்டேன். மாமியார் முன்னால் நடக்க, இரண்டு கையிலும் பைகளோடு பின்னால் வந்தாள். பிள்ளை அவள் பாவாடையைப் பிடித்திருந்தது. எங்கள் கண்கள் சந்தித்தன. அவள் என்னை அறியாதவள்போல நேரே பார்த்துக்கொண்டு கடந்து போனாள். நான் கறிவேப்பிலையை வாங்க மறந்து வீடு திரும்பினேன்.

பத்து நாள் இருக்கும், நான் முன்பு அவளிடம் நம்பர் கொடுத்திருந்த டெய்ரிக்கு ஒரு ஃபோன் வந்தது.

"அக்கா, ஒனேஹுங்காவிலேருந்து பேசறேன். தெருவோர ஃபோன் பெட்டியிலேருந்து. காசு தீர்றதுக்குள்ள சொல்லிடறேன். வந்துட்டோம்."

வேலை முடிந்ததும் நேரே போனேன். அறையில் ஒரு மெத்தை, ஒரு கேத்தல், மூன்று சட்டி. பிள்ளை கதவைச் சாத்துவதும் திறப்பதுமாக விளையாடிக்கொண்டிருந்தது. மெத்தையை எப்படிக் கொண்டுவந்தீர் என்று கேட்டேன்.

"அவருதான் கொண்டாந்தாரு."

"ஆர்?"

"பொண்ணோட அப்பா. வேன்ல போட்டு, அவரே தூக்கி உள்ள வச்சாரு. நான் போறேன்னு சொன்னதும் ஒண்ணுமே பேசல. மெத்தையைச் சுருட்ட ஆரம்பிச்சாரு. அவங்கம்மா வாசல்ல நின்னு கத்துறாங்க. இவரு கயிறு கட்டுறாரு." சொல்லும்போதே அவளுக்குச் சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வந்தது. "வச்சுட்டுத் திரும்பிப் போய்ட்டாருக்கா."

அந்த வாரமே அவளோடு வாடகை உதவி கொடுக்கும் அரசாங்க அலுவலகத்துக்குப் போனேன். மேசைக்கு அந்தப் பக்கம் ஓர் இளம்பெண், மரியாதையாகத்தான் கேட்டாள். கணவர் எங்கே? பிரிந்துவிட்டீர்களா? நான் மொழிபெயர்க்க வாயெடுத்தேன். பக்கத்தில் இருந்தவள் என் கையைப் பிடித்து நிறுத்தி, தன் ஆங்கிலத்திலேயே பதில் சொன்னாள். அவர் மெத்தையைக் கொண்டுவந்தார், திரும்பிப் போனார், நான் இங்கே இருக்கிறேன். திரும்ப வருவாரா என்று அந்தப் பெண் கேட்டாள்.

"எனக்குத் தெரியாது. வந்தால் வந்து சொல்கிறேன்."

மாதங்களாக எல்லாவற்றையும் 'போனால்', 'எடுத்தால்' என்றே பேசியவள், அன்றுதான் 'இருக்கிறேன்' என்று சொல்லக் கேட்டேன்.

பதில் வரச் சில வாரங்கள் எடுத்தது. அந்த வாரங்களில் நான் ஒழுங்காகச் சாப்பிடவில்லை. போட்ட கணக்கை மனதில் திரும்பத் திரும்பப் போட்டேன். ஓவர்டைமை அவர்கள் எப்படி எடுப்பார்கள்? புருஷன் பிள்ளைக்கு ஏதாவது கொடுத்தால் அதைச் சேர்ப்பார்களா? என் மகள் ஒருநாள், "அம்மா, யூ ஆர் நாட் லிஸனிங்" என்று சத்தம் போட்டாள். அவள் எவ்வளவு நேரம் கதைத்துக்கொண்டிருந்தாள் என்று எனக்குத் தெரியவில்லை.

தொகை வந்தது. நான் சொன்ன குறைந்ததற்குச் சற்று மேலே. அவள் மண்டபத்துக்கு வந்து சிரித்துக்கொண்டே சொன்னாள், "உங்க ஒண்ணாம் நம்பரு சரிதான். ரெண்டாவது நம்பரு சும்மா கனவு." ஓவர்டைம் இல்லாத மாதங்களில் முன்வீட்டுக் கிழவரின் துணிகளைத் தைத்துக் கொடுத்தும் பக்கத்து வீடுகளின் திரைகளைச் சுருக்கிக் கொடுத்தும் சமாளித்தாள்.

புருஷன் ஞாயிற்றுக்கிழமைகளில் வரத் தொடங்கினான். முதலில் வாசலில் நின்று பிள்ளையைப் பார்த்துவிட்டுப் போவான். பிறகு ஈரச் சுவருக்குப் பெயின்ட் அடித்தான். ஒருநாள் அவள் திரும்பவும் என் மேசைக்கு வந்து உட்கார்ந்தாள்.

"அக்கா, இன்னொரு கணக்கு. அவரும் இங்கேயே வந்துட்டா?"

போட்டேன். இரண்டு சம்பளம் சேர்ந்தால் உதவி நின்றுவிடும். ஆனால் அவனுடைய சம்பளம் இந்த வீட்டுக்கு வந்தால் உதவி தேவையும் இல்லை.

"இந்த வீட்டுக்கு வந்தா," என்று அவள் அந்தச் சொற்களைத் திருப்பிச் சொன்னாள். "அதை அவரு வாயால சொல்லணும். அவங்கம்மா முன்னாடி."

அதற்கு அவனுக்கு ஏழெட்டு மாதம் பிடித்தது. ஆனால் சொன்னான். மாமியார் ஒரு வருஷம் அவர்கள் வீட்டு வாசலை மிதிக்கவில்லை என்று கேள்விப்பட்டேன். அவன் வந்த வாரமே அவள் அலுவலகத்துக்குத் தானாகப் போய்ச் சொல்லி உதவியை நிறுத்திவிட்டாள். ஃபாக்டரியிலிருந்து அரைநாள் லீவு எடுத்துப் போனாளாம்.

எனக்கு என்ன நடந்தது என்றும் சொல்ல வேண்டும். ஒரு பின்னேரம் கணவர் மெல்பேர்ன் கதையை மறுபடி எடுத்தார். நான் எழும்பிப் பாத்திரம் கழுவப் போகவில்லை. "நீங்கள் போனா, நானும் பிள்ளையும் இஞ்சை தனிய இருக்க ஏலுமோ எண்டு நான் கணக்குப் போட்டுப் பார்த்தனான்" என்றேன்.

அவர் வாயருகே கொண்டுபோன தேநீரை மேசையில் வைத்தார். பிறகு கேட்டார், "ஏலுமோ?"

"கஷ்டம். ஆனா ஏலும்."

"எப்ப போட்டனீர்?"

"பஸ்ஸுக்கு நிக்கேக்கை."

அவர் கோபப்படுவார் என்று எதிர்பார்த்தேன். அவர் என்னை ஒரு புது ஆளைப் பார்ப்பதுபோலப் பார்த்தார். "இவ்வளவு தூரம் வந்திட்டீரோ" என்று மட்டும் சொன்னார். அதற்குப் பிறகு நாங்கள் பேசத் தொடங்கினோம். பல பின்னேரங்கள் பேசினோம், சிலவற்றில் குரல் உயர்ந்தது. கடைசியில் அவர் தனியாக மெல்பேர்னுக்குப் போய் ஒரு குளிர்காலம் வேலை தேடிப் பார்த்துவிட்டு வந்தார். அங்கேயும் அவருக்குச் சரக்கு ஏற்றும் வேலைதான் கிடைத்தது. திரும்பி வந்தவர் பின்னேர வகுப்பில் சேர்ந்து, இரண்டு வருஷத்தில் கட்டட வரைபடம் கீறும் வேலை ஒன்றுக்குப் போனார். அதுவும் அவருக்கு முழுத் திருப்தியைத் தரவில்லை. எனக்கும் ஓரிடத்தில் இருப்புக்கொள்ளும் சுபாவம் வரவில்லை. அதற்குப் பிறகும் இரண்டு வீடு மாறினோம். இரண்டு முறையும் வாடகையையும் தூரத்தையும் வைத்து நானும் அவரும் ஒரே மேசையில் உட்கார்ந்து, சத்தமாகவே கணக்குப் பார்த்தோம்.