வெள்ளையடிக்காத அறை

எண்பதுகளில் ஆரணியில் எங்கள் மாடியறைக்குக் குடிவந்தவர், கடல் மீன்களை ஆராய்ந்து ஓய்வு பெற்றவர். ஒல்லி உடம்பு, வெயிலில் கருத்த வழுக்கை. எதைப் பார்த்தாலும் எங்கிருந்து வந்தது என்று கேட்டு உயிரை வாங்குவார். பொங்கலுக்கு வெள்ளையடிக்க ஆள் வந்தபோது படியிலேயே மறித்துக்கொண்டார்.

“இந்தச் சுண்ணாம்பு எங்க சுட்டது? தெற்கே கடல்ல பவளப்பாறைய ஒடச்சிச் சுடறாங்க. மீன் குஞ்சுங்க அதுலதான் ஒளிஞ்சி வளருது.”

“லாரில வந்துது சார். பண்டிகை நேரத்துல பேஜார் பண்ணாதீங்க. ஆரணில ஏது கடல்?” என்றேன்.

“தெரியற வரைக்கும் என் ரூமுக்கு வேணாம்.”

அந்த அறை மட்டும் அழுக்காகவே கிடந்தது. அவர் காலி செய்ததும் முதல் வேலையாக ஆளைக் கூப்பிட்டேன். வாளியைப் பார்த்ததும் என் பாழும் வாய், “எங்க சுட்டதுப்பா இது?” என்றது.

என்னை ஏற இறங்கப் பார்த்தான். “லாரில வந்துதுங்க.”

அறை இன்னும் அழுக்காகத்தான் கிடக்கிறது.