முக்கால் பதம்

மாவைத் தேய்த்து இத்தாலிய நாடாவாக நறுக்கின கிஃபாயத்துல்லாவின் கைகள். செங்கல்பட்டில் கல்யாணப் பிரியாணி ஆக்கும் அவர், 1974-ல் மாமல்லபுரம் வந்து, விடுதியில் தங்கியிருந்த இத்தாலிக்காரி லூச்சியாவிடம் அவள் ஊர்ச் சமையல் கற்றார். அன்று அவள் மெச்சினால்தான் விடுதியில் அவருக்கு வேலை.

இரண்டு முறை நாடாவைக் குழைய வேகவைத்தார். லூச்சியா தலையை ஆட்டி மறுத்து, முன்னாலேயே எடுக்கும்படி காட்டினாள்.

"அரவேக்காடா எடுக்கணுமாம், சின்னையா! விருந்தாளிக்கு எப்டி குடுக்கறது?"

"நீயே அரவேக்காடு, பாய். வேற இன்னா வரும்?" பாத்திரம் கழுவிய சின்னையன் சிரித்தார்.

லூச்சியா கொதிக்கும் தக்காளிக் குழம்பைக் காட்டி, நாடா அதில்தான் மீதி வேகும் என்று சைகை செய்தாள்.

"அட, பிரியாணி தம்முக்கு அரிசி வடிக்கிற முக்கால் பதம்!" என்றார் கிஃபாயத்துல்லா.

மூன்றாம் முறை நாடா ஒன்றை நகத்தால் கிள்ளினார். நடுவில் சற்று உறுதி இருந்தது. உடனே வடித்து, குழம்பில் புரட்டி, தட்டை லூச்சியாவிடம் நீட்டினார்.